பிணமே, குளிருதா?

தேவதாருப் பலகையின் வாசனை மூக்கில் ஏறியதும் குசகபே தொகுஜிக்கு முதலில் தோன்றிய எண்ணம், இந்தச் சவப்பெட்டியைச் செய்த தச்சர் கெட்டிக்காரர் என்பதுதான். தோள் இடிக்கவில்லை. குதிகாலுக்குக் கீழே இரண்டு விரற்கடை இடம் விட்டிருந்தார்கள். எழுபத்தொன்பது வயதில், அறுபது ஆண்டு நடிப்பில், அவர் எத்தனையோ முறை செத்திருக்கிறார். வாளால், விஷத்தால், காசநோயால், ஒருமுறை கூரை ஓடு தலையில் விழுந்தும்கூட. ஆனால் முறையாக வெள்ளை உடுத்திப் பெட்டியில் கிடத்தப்படுவது இதுதான் முதல் தடவை. சாகும் வேடத்தில் செய்வதற்கு ஏதாவது இருக்கும். ஒரு தள்ளாட்டம், ஒரு கடைசி வார்த்தை, விழும்போது எந்தப் பக்கம் விழுவது என்ற கணக்கு. செத்துக் கிடக்கும் வேடத்தில் ஒன்றும் செய்யாமல் இருப்பதே வேலை. அந்த வேலை தன்னால் முடியுமா என்பது இன்னும் அரை மணி நேரத்தில் தெரிந்துவிடும். “முகத்தை நெருக்கத்தில் காட்டும்போது மட்டும் நீங்கள் படுத்தால் போதும், மற்றதற்கெல்லாம் பொம்மை செய்து வைத்திருக்கிறோம்” என்று இயக்குநர் ஹமுரோ இரண்டு முறை சொன்னார். இரண்டு முறையும் தொகுஜி மறுத்தார். பொம்மைக்கு அழுதால் அழுகை பொம்மையாகத்தான் இருக்கும் என்று பெருமையாக வேறு சொல்லிவைத்தார். வாய். அந்த வாய்தான் அவரை எப்போதும் மாட்டிவைத்திருக்கிறது. உடுத்திவிடும் அம்மாள் சற்று முன் பழக்கத்தில் உடுப்பின் இடப்பக்கத்தை மேலே வைத்துக் கட்டிவிட்டாள், அது உயிரோடிருப்பவர்களுக்கு. இறந்தவருக்கு வலப்பக்கம்தான் மேலே வர வேண்டும். “நான் இன்னும் போகவில்லை என்று உடுப்பு சொல்கிறதே, அம்மா” என்றார். அவள் வாயைப் பொத்திக்கொண்டு அவிழ்த்து மாற்றிக் கட்டினாள். பிறகு அவருடைய இரண்டு கைகளையும் மார்பின் மேல் கோத்து, ஜெபமாலையை விரல்களில் இரண்டு சுற்றுச் சுற்றினாள். மரமணிகள். அவள் கையை எடுத்ததும் அவர் வலக்கையின் கட்டைவிரல், தனக்கென்று ஒரு வேலை இருப்பதுபோல, ஆள்காட்டி விரலை மெல்ல உரசத் தொடங்கியது. அவர் இடக்கையால் அதை அழுத்திக்கொண்டார். அவள் பார்க்கவில்லை. மார்ச் மாதத்திலிருந்து யாரும் பார்க்கவில்லை. அல்லது, பார்க்கவில்லை என்று அவர் நம்பிக்கொண்டிருந்தார்.

மருத்துவர் கெட்டிக்காரப் பெண். கையைத் தொடைமேல் சும்மா வைத்துக்கொண்டு நூறிலிருந்து ஏழு ஏழாகக் கழித்துச் சொல்லுங்கள் என்றாள். தொண்ணூற்று மூன்று, எண்பத்தாறு, எழுபத்தொன்பது. தன் வயது வந்த இடத்தில் அவர் ஒரு கணம் நின்றார், அந்த ஒரு கணத்தில் கை ஆட ஆரம்பித்தது. மனம் வேறெங்கோ போகும்போதுதான் வரும் என்றாள். வேலை கொடுத்தால் அடங்கும், சும்மா வைத்தால் ஆடும், இப்போதைக்கு அப்படித்தான் இருக்கும் என்றாள். இப்போதைக்கு என்ற சொல்லை அவள் வேகமாகச் சொல்லிக் கடந்தாள். நடிகர்கள் பிடிக்காத வசனத்தை அப்படித்தான் கடப்பார்கள். நோய்க்கு ஒரு பெயர் சொன்னாள், அதை அவர் வீட்டுக்குக் கொண்டுவரவில்லை, வழியிலேயே எங்கோ வைத்துவிட்டு வந்தார். சும்மா வைத்தால் ஆடும். அப்படிப்பட்டவன் போய்ப் பிண வேடத்தை ஏற்றுக்கொண்டிருக்கிறான். ஹமுரோவின் பையில் வசந்தகாலத் தொடர் ஒன்றின் பிரதி இருக்கிறது. கடிகாரம் பழுதுபார்க்கும் கிழவர், பன்னிரண்டு வாரம், முதல் காட்சியிலிருந்து கடைசிக் காட்சிவரை. “இதை முடித்துவிட்டு நிதானமாகப் பேசுவோம், குசகபே சான்” என்று காலையில் சொன்னார். பேசுவோம். இந்தத் தொழிலில் ஒருவருக்கு நோய் என்று தெரிந்த நாளிலிருந்து அவருக்குப் பூங்கொத்து வரும், பழக்கூடை வரும், பழைய தோழர்கள் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு வருவார்கள். வேடம் மட்டும் வராது. அவரே அப்படி எத்தனை பேருக்குப் பழக்கூடை வாங்கிப் போயிருக்கிறார். முலாம்பழம் நல்லதாகப் பார்த்து, காம்பு கோணாமல் இருப்பதாகப் பார்த்து வாங்குவார். அந்தப் பழத்தை அவர்கள் என்ன செய்திருப்பார்கள்? அதை ஒருபோதும் யோசித்ததில்லை.

“லைட் இன்னும் கொஞ்சம் கீழே” என்று யாரோ சொன்னார்கள். மூடிய இமைக்கு மேல் வெளிச்சம் சிவப்பாக நகர்ந்தது. இந்தச் சிவப்பு அவருக்குத் தெரிந்த சிவப்பு. பிப்ரவரி மாதம், கியோட்டோவுக்கு மேற்கே அந்த ஆறு, வயது பத்தொன்பது. போர்க்களம் முடிந்த காட்சி, பத்துப் பிணங்கள், அவர் மூன்றாவது பிணம். பாதி உடம்பு கரைமணலில், பாதி நீரில். ஸ்டூடியோவில் பெயரில்லாத நடிகர்கள் நூறு பேர் ஒரே கூடத்தில் பாய் விரித்துக் காத்திருந்த காலம் அது. காலையோ மாலையோ, எந்த நேரத்தில் உள்ளே வந்தாலும் ‘காலை வணக்கம்’ என்றுதான் சொல்ல வேண்டும். அவர் முதல் நாள் ஒரு மாலைப் பொழுதில் போய் ‘மாலை வணக்கம்’ என்று சொல்லி நூறு பேரையும் சிரிக்கவைத்தவர். இரண்டாவது வாரம் அந்த ஆறு. கதாநாயகி பிணங்களுக்கு நடுவே தன் கணவனைத் தேடி வர வேண்டும், நீளமான ஒரே ஷாட், அவள் நிஜமாகவே அழுதுகொண்டு வந்தாள், மூன்றாவது பிணத்தைத் தாண்டினாள், மூன்றாவது பிணம் நடுங்கியது. முழங்கால் தனியாக, பல் தனியாக. கேமரா ஓட்டம் நின்றது. சாரத்தின் உச்சியில் கேமராவுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த ஒனிசுகா, ஒளிப்பதிவாளர், ஸ்டூடியோ முழுவதும் பார்த்துப் பயந்த மனிதர், கையைக் குவித்துக் கத்தினார்: “என்னய்யா பிணமே, குளிருதா?” ஆற்றங்கரை முழுவதும் சிரித்தது. மற்ற ஒன்பது பிணங்களும் சிரித்தன. அவர் எழுந்து நின்று, நீர் சொட்டச் சொட்ட, இடுப்பு வரை குனிந்து, “குளிரவில்லை ஐயா!” என்று கத்தினார், அதற்கு இன்னும் பெரிய சிரிப்பு. அதன் பிறகு மூன்று வருடம் அவருக்குப் பெயரே கிடையாது. கூடத்தில், உணவுச்சாலையில், குளியலறையில், எங்கே பார்த்தாலும் “பிணமே, குளிருதா?” தான். அன்று கரையில் நின்ற கிராமத்துப் பெண்கள் வேடமிட்ட துணை நடிகைகளில் ஒருத்தி, பதினெட்டு வயது, சிரிக்காமல் வந்து தன் கழுத்துத் துண்டை அவிழ்த்துக் கொடுத்தாள். கொடுத்துவிட்டுத் திரும்பி நடந்து, பத்தடி போனதும் தாங்கமுடியாமல் அவளும் சிரித்தாள். தோள் குலுங்கியதை அவர் பின்னாலிருந்து பார்த்தார். ஹட்சுயே. அந்தச் சிரிப்பை இன்றைக்கும் மன்னிக்கவில்லை. துண்டையும் திருப்பிக் கொடுக்கவில்லை.

ஒனிசுகா போய்விட்டார். கதாநாயகி போய்விட்டாள். ஒன்பது பிணங்களும் ஒவ்வொன்றாக நிஜமாகவே போய்விட்டன. அந்தப் பட்டப்பெயரை அறிந்த நாக்குகள் உலகத்தில் இரண்டுதான் மிச்சம். ஒன்று அவர் வாயில், மற்றொன்று இப்போது பெட்டிக்கு இடப்புறம் கறுப்பு உடையில் மண்டியிட்டு உட்கார்ந்து, விதவை வேடத்துக்காகத் தொண்டையைக் கனைத்துக்கொண்டிருக்கிறது. அந்தக் கனைப்பு அவருக்குத் தெரியும். இரண்டு சிறியது, ஒன்று பெரியது.

“ஒத்திகை” என்றார் உதவி இயக்குநர் நுமதா. தளம் அடங்கியது. ஹட்சுயே வெள்ளைச் சாமந்தியை அவர் கன்னத்தருகே வைத்தாள். இதழ் காதுமடலில் பட்டது. “ரொம்ப நாள் உழைச்சீங்க. இனிமே ஓய்வெடுத்துக்கோங்க” என்றாள். பிரதியில் உள்ளது அவ்வளவுதான். எவ்வளவு எளிமையாகச் சொல்கிறாள், வயதானால் வசனம் இளைத்துவிடுகிறது, நல்லதுதான். ஓய்வு. அந்தச் சொல்லைக் கேட்டதும் மனம் நழுவியது, நழுவிய உடனே கை ஆரம்பித்துவிட்டது. டிக். டிக் டிக். மரமணி மரமணியில் மோதுகிறது. “ஒரு நிமிஷம்” என்றார் ஒலிப்பதிவாளர். “ஏதோ தட்டுது. கடிகாரம் யார்கிட்டயாவது இருக்கா?” எல்லோரும் தங்கள் மணிக்கட்டைத் தடவிக்கொண்டதை உடுப்புச் சத்தத்திலேயே அவர் கேட்டார். கையைத் தன்னிடமிருந்து பிடுங்கி யாரிடமாவது கொடுத்துவிடலாம் போலிருந்தது. இடக்கையால் அழுத்தினார். நின்றது. “இப்ப இல்ல” என்றார் ஒலிப்பதிவாளர். “பலகை விரியுதோ என்னமோ, புது மரம்.” பலகைதான். புது மரம்தான். அந்தக் கெட்டிக்காரத் தச்சரின் பெயரை நான் கெடுத்துவிட்டேனே.

இந்தக் கையா. இதே கையைப் பார்ப்பதற்காகச் செவ்வாய்க்கிழமை மாலைகளில் மக்கள் சோற்றுக் கிண்ணத்தைக் கீழே வைத்தார்கள். சினிமாக்காரர்கள் தொலைக்காட்சியை மின்சாரப் பொம்மைப்பெட்டி என்று ஏளனம் செய்த நாளில், கூடத்தில் பாய்கள் ஒவ்வொன்றாகக் குறைந்துகொண்டே வந்த நாளில், வேறு வழியில்லாமல் அந்தப் பெட்டிக்குள் போனவர் அவர். துப்பறியும் தொடர், துணை ஆய்வாளர் குபோ, நான்கு வாரத்து வேடம். மூன்றாவது வாரம் விசாரணை அறைக் காட்சியில் எதிரே உட்கார்ந்த நடிகர் வசனத்தை மறந்துவிட்டார். அவருக்கு நினைவு வரட்டும் என்று நேரம் கொடுப்பதற்காகத் தொகுஜி மேஜைமேல் இருந்த கெட்டிலை எடுத்து, முழங்கை உயரத்திலிருந்து, ஒரே நூலாக, அவசரமில்லாமல், ஒரு சொட்டுகூட வெளியே சிந்தாமல் கிண்ணத்தில் தேநீர் ஊற்றினார். ஊற்றி முடிக்கும்வரை ஒருவரும் பேசவில்லை. எதிரே இருந்தவர் அதைப் பார்த்துக்கொண்டே இருந்து, “நான்தான் செஞ்சேன்” என்றார். அதுதான் அவர் மறந்த வசனம். மறு வாரம் கடிதங்கள் வந்து குவிந்தன. நான்கு வாரம் இருபத்தொரு வருடமாயிற்று. திருடனோ கொலைகாரனோ, குபோ தேநீர் ஊற்றினால் ஒப்புக்கொண்டாக வேண்டும். ரயிலில் பள்ளிப் பிள்ளைகள் அவரைக் கண்டால், நாங்கள் ஒன்றும் செய்யவில்லை என்று கையைத் தூக்குவார்கள். ஹட்சுயே மூன்று முறை கொலைகாரியாக வந்தாள். மூன்று முறையும் குடித்தாள், மூன்று முறையும் ஒப்புக்கொண்டாள். மூன்றாவது தடவை, “தேநீர் ஆறிப்போச்சு, இதுக்கெல்லாம் உண்மையச் சொல்ல முடியாது” என்று ஒத்திகையில் சொல்லித் தளத்தையே நிறுத்தினாள். வீட்டில் மட்டும் ஊற்றியதில்லை. மனைவி மித்சுதான் ஊற்றுவாள். “வெளியில எல்லாருக்கும் ஊத்துறீங்களே, ஒரு நாளைக்கு எனக்கும் ஊத்துங்களேன், நானும் ஏதாவது ஒத்துக்கறேன்” என்பாள். வேடிக்கைக்குத்தான் சொன்னாள். சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். அப்போது கை கல்லாக இருந்தது. ஒரு கெட்டிலைத் தூக்க எவ்வளவு நேரம் ஆகியிருக்கும். மித்சு எதை ஒத்துக்கொண்டிருப்பாள்? அவள் பெட்டியில் கிடந்தபோது, பதினோரு வருடத்துக்கு முன்பு, அவர் அவள் கையைத் தொட்டார். உறைபனிக்கட்டி வைத்திருந்தார்கள், விரல்கள் ஜன்னல் கம்பிபோல இருந்தன. அழுகை வரவில்லை. வாசலில் நின்ற பத்திரிகைக்காரர்கள் குபோ அழவில்லை என்று எழுதினார்கள். குபோ ஏன் அழ வேண்டும். அழாமல் நின்ற கணவனைப் பற்றி யாரும் எழுதவில்லை. அவர் அப்போது நினைத்ததெல்லாம் ஒன்றுதான்: எவ்வளவு நன்றாக அசையாமல் இருக்கிறாள். தொழில் புத்தி. சீ. கழித்துப் பார்க்காதே. தொண்ணூற்று மூன்று என்று தொடங்காதே. தொடங்கினால் எழுபத்தொன்பதில் நிற்பாய், நின்றால் ஆடும்.

“அசல் எடுக்கிறோம். குசகபே சான், தயாரா?” ஹமுரோவின் குரல். பிணத்திடம் கேட்கிறார். பிணம் என்ன சொல்லும். பெட்டியின் விளிம்பில் துணி உரசியது. ஹட்சுயே பூக்களைச் சரிசெய்பவள்போல் குனிந்திருக்கிறாள். பச்சைக் கற்பூரமும் அவள் எப்போதும் வாயில் அடக்கிவைக்கும் இஞ்சி மிட்டாயும் மணத்தன. குனிந்தவள் உடனே எழவில்லை. அவளுடைய பார்வை தன் முகத்தில் இல்லை, கீழே, கையில் இருக்கிறது என்பது இமைகளைத் திறக்காமலே அவருக்குத் தெரிந்தது. அறுபது வருடம் கேமராவுக்கு முன்னால் நின்றவனுக்குப் பார்வை எங்கே விழுகிறது என்று தோலே சொல்லிவிடும். “பலகைதான் விரியுதாக்கும்” என்று அவள் முணுமுணுத்தாள், அவர் காதுக்கு மட்டும். பிறகு எழுந்து தன் இடத்துக்குப் போய்விட்டாள். தெரிந்துவிட்டது. ஒரு ஆளுக்குத் தெரிந்துவிட்டது. நெஞ்சு இடிக்கிறது, நெஞ்சு இடித்தால் வெள்ளைத் துணி அசையும், மூச்சைக் கீழே இறக்கு, வயிற்றுக்கு, இன்னும் கீழே. கிளாப் தட்டினார்கள்.

அமைதி. படப்பிடிப்புத் தளத்து அமைதி வேறெந்த அமைதியையும் போன்றதல்ல. நாற்பது பேர் ஒரே மூச்சைப் பங்குபோட்டுக்கொள்ளும் அமைதி. சாமந்தி வந்தது. இதழ் காதுமடலைத் தொட்டது. “ரொம்ப நாள் உழைச்சீங்க.” ஆமாம். “இனிமே ஓய்வெடுத்துக்கோங்க.” இப்போது எழுந்து போவாள், ஆறு எண்ணுவதற்குள் எழுந்து போவாள், கேமரா கைகளிலிருந்து முகத்துக்கு வரும், முடிந்துவிடும். கைகளிலிருந்து. கைகளில்தான் இப்போது இருக்கிறது கேமரா. டிக். எழவில்லையே அவள், ஏன் எழவில்லை. டிக் டிக். ஆறு குளிர்ந்து முழங்காலுக்கு ஏறியது, ஒனிசுகா உச்சியில் உட்கார்ந்து கையைக் குவிக்கிறார், இதோ கத்தப்போகிறார், பத்தொன்பது வயதுப் பையன் எழுந்து நின்று குனியப்போகிறான், அறுபது வருடமும் இரண்டு நடுக்கங்களுக்கு நடுவே மடிந்து ஒரு பாய்போலச் சுருண்டுவிட்டது. அப்போது அவர் கைகளின் மேல் இரண்டு கைகள் வந்து விழுந்தன. சூடான, கனமான, எலும்பு பெரிய கைகள். மூடவில்லை, மேலே வைத்து, அவர் நடுக்கத்தின் அளவிலேயே அவையும் நடுங்கின. ஒரு தப்படி பிசகாமல் கூடவே. மணிகள் நான்கு கைகளுக்கு நடுவே சலசலத்தன. “உங்களுக்கு...” என்றாள் விதவை. குரல் உடைந்து, பிறகு சேர்ந்தது. “உங்களுக்குக் குளிருதா?”

தளத்தில் யாரோ மூச்சை உள்ளிழுத்தார்கள். அவருக்கோ அடிவயிற்றிலிருந்து ஒரு சிரிப்பு கிளம்பியது, பிப்ரவரியிலிருந்து, ஆற்றிலிருந்து, பத்தடி தள்ளிக் குலுங்கிய ஒரு தோளிலிருந்து. பாவி. அறுபது வருடம் வைத்திருந்து இங்கே வந்து போடுகிறாளே. சிரிக்கக் கூடாது. பிணம் நடுங்கியதற்காவது ஒரு காலத்தில் பெயர் இருந்தது, சிரித்த பிணத்துக்கு என்ன பெயர் வைப்பார்கள். நாக்கைக் கடவாய்ப் பல்லுக்கிடையே வைத்துக் கடித்தார். உடம்பு முழுவதையும் அந்த ஒரு வேலையில் நிறுத்தினார். நிறுத்திய கணத்தில், எதிர்பாராமல், கைக்கும் வேலை கிடைத்ததுபோலிருந்தது. அது மெல்லத் தணிந்தது. அவளுடைய கைகளும் மெல்லத் தணிந்தன. ஒரு விதவையின் துக்கம் அலையடித்து ஓய்ந்தது என்று பார்ப்பவர்கள் நினைக்க வேண்டிய விதத்தில் தணிந்தன. “கட்” என்று ஹமுரோ சொல்ல வெகுநேரம் ஆயிற்று.

“ஹட்சுயே சான்” என்றார் ஹமுரோ. “அந்தக் கை. அந்த நடுக்கம். பிரதியில் இல்லாதது. நான் இதுவரைக்கும் இப்படி ஒண்ணு பார்த்ததில்லை.” பிறகு ஒலிப்பதிவாளரிடம், “மணிச்சத்தத்தை எடுத்துடாதீங்க, அப்படியே இருக்கட்டும்.” யாரோ கைதட்டினார்கள், பிறகு எல்லோரும். “வயசாச்சு இல்லையா” என்றாள் ஹட்சுயே. “கை தானா நடுங்குது, அதுக்குப் போய்க் கைதட்டறீங்களே.” பொய்க்காரி. அவள் கை பாறை. எண்பதை நெருங்கியும் ஊசியில் நூல் கோப்பவள். அவருடைய நோயை ஒரு துண்டைப்போல அவள் வாங்கித் தன் தோளில் போட்டுக்கொண்டாள், இனி யாரும் கேட்கப்போவதில்லை, வசந்தகாலம், கடிகாரக் கிழவர், பன்னிரண்டு வாரம். நன்றியில் நெஞ்சு நிறைந்திருக்க வேண்டும். நிறைந்துதான் இருந்தது. ஆனால் கைதட்டல் நிற்கவில்லை, நிற்காமல் நீண்டது, நீள நீள அவருக்குள் வேறொன்று சிறு முள்ளாக நிமிர்ந்தது. அதை அவர் உடனே அடையாளம் கண்டுகொண்டார், வெட்கப்பட்டார், ஆனாலும் அது போகவில்லை. அந்த நடுக்கம் என்னுடையது. இவள் எனக்கு ஒத்து வாசித்தாள், அவ்வளவுதான்.

“சிரிப்பு ஷாட்” என்றார் நுமதா. இந்த ஸ்டூடியோவின் பழைய வழக்கம் அது. பெட்டியில் கிடத்தப்பட்ட நடிகர் வெளியே வருமுன் கண்ணைத் திறந்து, கேமராவைப் பார்த்து, பத்து விநாடி சிரிக்க வேண்டும். இதெல்லாம் விளையாட்டு என்று சாவுக்குச் சொல்லிவைப்பது. ஒனிசுகா காலத்தில் பெரிய நட்சத்திரங்கள்கூடத் தப்பியதில்லை. கேமரா மேலிருந்து இறங்கியது. தொகுஜி கண்ணைத் திறந்தார். வெளிச்சம், அதற்கப்பால் முகங்கள், கடிகாரக் கிழவர் தொடரின் பிரதியைச் சுருட்டிக் கையில் பிடித்தபடி ஹமுரோ. இடக்கையால் வலக்கையை அழுத்தியிருந்தார். அது அடியில் கிடந்து ஆடியது. அதை அழுத்திக்கொண்டே சிரிக்கலாம். பத்து விநாடிதான்.

இடக்கையை எடுத்தார். மாலையைக் கழற்றி மார்பில் வைத்தார். வலக்கையைத் தூக்கி, லென்சுக்கு முன்னால், முழு வெளிச்சத்தில், ஒன்றும் செய்யாமல் சும்மா வைத்தார். அது தன் பாட்டுக்கு ஆடியது, கட்டைவிரல் ஆள்காட்டி விரலை உரசிக்கொண்டு, ஒரு கண்ணுக்குத் தெரியாத மாத்திரையை உருட்டுவதுபோல. “மன்னிக்க வேண்டும்” என்றார். படுத்த நிலையில் எவ்வளவு குனிய முடியுமோ அவ்வளவு தலை குனிந்தார். “மார்ச் மாதத்திலிருந்து இப்படித்தான். அந்த நடுக்கம் என்னுடையது. ஹட்சுயே சானுடையது அல்ல.”

ஹமுரோ கையிலிருந்த பிரதியைப் பார்த்தார். நீட்டவும் இல்லை, பைக்குள் வைக்கவும் இல்லை. அப்போது பெட்டிக்கு இடப்புறத்திலிருந்து ஒரு பெருமூச்சு எழுந்தது. “பாருங்க” என்றாள் ஹட்சுயே, பொதுவாக எல்லோரையும் பார்த்து. “செத்தும் இந்த மனுஷனுக்குப் பெயர்ப் பட்டியல்ல தன் பேரு முதல்ல வரணும்.” முதலில் ஒளிப்பதிவாளர் சிரித்தார். பிறகு நுமதா. பிறகு நாற்பது பேரும், ஆற்றங்கரை சிரித்ததைப்போல. தொகுஜி வாய்விட்டுச் சிரித்தார், கண்ணோரம் நனைந்து காதுக்குள் வழிந்தது, கை வெளிச்சத்தில் தன்னிஷ்டத்துக்கு ஆடிக்கொண்டிருந்தது. பத்து விநாடி எப்போதோ முடிந்துவிட்டது. யாரும் கட் சொல்லவில்லை. ஹட்சுயே அவர் பக்கம் குனிந்து, தன் கழுத்தில் சுற்றியிருந்த கறுப்புத் துண்டை அவிழ்த்து அவர் மேல் போட்டாள்.

“அந்தப் பழைய துண்டையே நீ இன்னும் திருப்பிக் கொடுக்கல” என்றாள். “இப்பச் சொல்லு, பிணமே. குளிருதா?”

“குளிருது” என்றார் அவர்.